பத்து நிமிட உறுத்தல்

உங்கள் வீட்டிலும் ஒரு முறையாவது உறுத்தல் ஒலித்திருக்கும். அந்த ஒலியைப் போட்டவன் நான்தான். பெயர் குமரகுரு, வயது நாற்பத்தொன்று, கோயம்புத்தூர் சரவணம்பட்டியில் கதை விளையாட்டுகளுக்கு இசையமைப்பது தொழில். என்னைத் திட்ட நினைப்பவர்கள் இதைப் படித்து முடித்துவிட்டுத் திட்டலாம். கூடுதலாகக் காரணம் கிடைக்கும்.

வீடியோ கேமுக்கு இசை என்றதும் என் மாமனாரைப் போல 'டொய்ங் டொய்ங்' என்று நினைத்துக்கொள்ளாதீர்கள். கதை விளையாட்டில் சுடுவதும் குதிப்பதும் குறைவு. ஆடுகிறவர் ஒரு பாத்திரமாக அந்த உலகத்தில் நடக்கிறார், கதவைத் திறக்கிறார், யாரிடமோ உண்மையைச் சொல்கிறார் அல்லது மறைக்கிறார். நான் போடுவது பாட்டு அல்ல, அவர் நிற்கிற இடத்தின் காற்று. ஒரு கதவுக்கு முன்னால் அவர் இரண்டு விநாடி நிற்பாரா, இரண்டு மணி நேரம் நிற்பாரா என்று யாருக்கும் தெரியாது. அதனால் என் இசைக்கு முடிவு கிடையாது. தொண்ணூறு விநாடித் துண்டு ஒன்றின் வாலை அதன் தலையோடு தையல் தெரியாமல் தைத்துவிட வேண்டும். இசை நன்றாக இருக்கிறதே என்று யாராவது கவனித்துவிட்டால் நான் தோற்றேன் என்று அர்த்தம்.

நான்கு வருடங்களுக்கு முன் கைப்பிடி மாறியது. ஆடும்போது இரண்டு கையாலும் பிடித்துக்கொள்கிற அந்தக் கருவிக்குள் நாடி, வியர்வை, விரல் அழுத்தம் மூன்றையும் படிக்கிற வசதி வந்தது. எங்கள் ஸ்டுடியோவின் புரோகிராமர் ஆரோக்கியம் அதற்காக ஊற்று என்று ஒரு மென்பொருள் எழுதினார்.

"இனிமே கதைக்குத் தக்க மியூசிக் மாறாது குரு சார். ஆடறவங்களுக்கு உள்ள என்ன நடக்குதோ, அதுக்குத் தக்க மாறும்," என்றார் ஆரோக்கியம். "பயந்தா பயத்துக்குன்னு போட்ட மியூசிக் அடுக்கு மேல வரும். நிம்மதியா இருந்தா நிம்மதி. நீங்க எட்டு அடுக்கு போட்டுக் குடுங்க, மிச்சத்த ஊற்று பாத்துக்கும்."

"எது பயம், எது நிம்மதின்னு அதுக்கு எப்படித் தெரியும்?"

"நாமதான் சொல்லித்தரோணும். நம்ம ஆளுங்க கைப்பிடியப் பிடிச்சுட்டு, பழசு ஒண்ண நெனச்சுட்டு பத்து நிமிஷம் உக்காரட்டும். பயத்துக்கு பயந்தது, சந்தோஷத்துக்கு சந்தோஷப்பட்டது. ஊற்று அத படிச்சு வெச்சுக்கும். அப்புறம் உலகத்துல யாரு கையில அதே மாதிரி துடிச்சாலும் அந்த அடுக்குதான் வாசிக்கும்."

அப்போது நாங்கள் செய்துகொண்டிருந்த விளையாட்டின் பெயர் 'நாற்பத்திரண்டாம் காற்றாலை'. உடுமலைப் பக்கம் காற்றாலை பழுதுபார்க்கும் ஒருவன். கூட வேலை செய்தவன் கோபுரத்திலிருந்து விழுந்து இறந்ததற்கு இவனுடைய கவனக்குறைவுதான் காரணம்; விசாரணையில் பொய் சொல்லித் தப்பித்துவிட்டான். அந்த உண்மையை யாரிடம் சொல்வது, சொல்லாமலே இருந்துவிடலாமா என்பதுதான் ஆட்டம். ஆகவே எட்டு அடுக்குகளில் முக்கியமானது குற்றமுள்ள மனசின் அடுக்கு. வயலின் வில்லை வீணையின் மந்தரத் தந்தியில் மெதுவாக இழுத்து, பூட்டிய அறை ஒன்றின் ரீங்காரத்தை அதன் அடியில் பரப்பினேன். கோப்புக்கு 'உறுத்தல்' என்று பெயர் வைத்தேன். நல்ல வேலைதான். இன்றைக்கும் அதைக் குறை சொல்ல மாட்டேன்.

சொல்லித்தரும் வாரம் அலுவலகமே திருவிழாவாக இருந்தது. பயத்துக்கு இருபது பேர் வந்தார்கள். வால்பாறை ரோட்டில் யானைக்கு முன்னால் ஸ்கூட்டர் நின்றுபோன கதையை ஒருவர் பத்து நிமிடமும் கண்ணை மூடி நினைத்துவிட்டு, சட்டை நனைந்து எழுந்தார். சந்தோஷத்துக்கும் இருபது பேர். நிம்மதிக்கு வந்தவர்களில் பாதிப் பேர் ஏசியில் தூங்கியே போனார்கள்.

உறுத்தல் முறை வந்த அன்று ஒருவர்கூட இல்லை. ஒருவருக்குப் பல் டாக்டர், ஒருவருக்குத் திருப்பூரில் புதுமனை புகுவிழா, ஒருவருக்குத் திடீரென்று வயிறு. யோசித்தால் நியாயம்தான். நீங்கள் செய்த கேவலமான காரியம் ஒன்றை, கண்ணாடிச் சுவர் வைத்த அறையில், நாளைக்கும் கூட உட்கார்ந்து சாப்பிடப் போகிறவர்கள் பார்த்துக்கொண்டிருக்க, பத்து நிமிடம் நினைத்துக்கொண்டு உட்காருவீர்களா? வெளியீட்டுக்கு இன்னும் ஒன்பது நாள்தான் இருந்தது. "நான் ஒருத்தனே பிடிச்சுடறேன் ஆரோக்கியம். என் அடுக்கு, என் கை," என்று சொல்லிவிட்டு அறைக் கதவைச் சாத்திக்கொண்டேன்.

நினைப்பதற்கு எனக்குத் தேடவேண்டியிருக்கவில்லை.

இசைக் கல்லூரி விடுதியில் வெள்ளிங்கிரி என் அறைத்தோழன். ஆர்மோனியத்தில் அவன் கை போகும் இடத்துக்கு என் கை போகாது. கடைசி வருடம் ஒரு மெட்டுப் போட்டான். ஏறிக்கொண்டே போய், இறங்க மனமில்லாமல் பாதியில் நிற்கும். படிப்பு முடிந்து வேலைக்கு விண்ணப்பித்தபோது மாதிரிக்கு என்னிடம் உருப்படியாக ஒன்றும் இல்லை. அவனுடையதை என்னுடையது என்று அனுப்பினேன். வேலை கிடைத்தது. அந்த மெட்டு எங்கள் முதல் விளையாட்டின் முகப்பு இசையாகி, எனக்குப் பரிசும் வாங்கித் தந்தது. ஒரு கல்யாணப் பந்தியில், நண்பர்கள் எட்டுப் பேர் நடுவில், வெள்ளிங்கிரி இலையிலிருந்து தலையை நிமிர்த்தி, "ஏன்டா குரு, அது நான் போட்டதுதானே?" என்று கேட்டான். கேலியாகக்கூடக் கேட்கவில்லை, சும்மா ஞாபகம் வந்து கேட்டான். எட்டுப் பேரும் என்னைப் பார்த்தார்கள். "உன்னோடது வேறடா, நீ கேட்டுக் கேட்டு ரெண்டையும் கொழப்பிக்கிட்டே," என்றேன். அவன் ரசத்துக்குக் குழி பண்ணிக்கொண்டான். அதன் பிறகு நான் அவனைக் கூப்பிடவில்லை.

அவன் கேட்டதற்கும் நான் பதில் சொன்னதற்கும் இடையில் இருந்த அந்த நொடியைத்தான் பத்து நிமிடம் நினைத்தேன். கைப்பிடி ஈரமானது. ஊற்று படித்துக்கொண்டது.

விளையாட்டு வெளிவந்து இரண்டே மாதத்தில் அந்த ஒலி எல்லோருக்கும் அடையாளம் தெரிந்துவிட்டது. முதலில் விளையாட்டுக்காகத்தான் செய்தார்கள். கணவன் ஆடிக்கொண்டிருக்கும்போது மனைவி பக்கத்தில் வந்து உட்கார்ந்து, "நேத்து யாரு கூட டீ குடிச்சீங்க?" என்று கேட்பாள். காற்றாலையை விட்டுவிட்டு வீணைத் தந்தி முனகும். அப்படி ஒரு வீடியோவை நாற்பது லட்சம் பேர் பார்த்தார்கள். அப்புறம் அடுக்ககச் சங்கத்தில் யார் தண்ணீர் மோட்டாரை ஓடவிட்டது என்று கைப்பிடி சுற்றி வந்தது. பெண் பார்க்கப் போன வீட்டில் பஜ்ஜிக்கு முன்னால் கைப்பிடி வந்தது. நகைக்கடைகளில், விடுதிகளில், வீட்டு வேலைக்கு ஆள் எடுக்கும் இடங்களில். 'விளையாட்டுக்கு மட்டும்' என்று பெட்டியில் எங்கள் வக்கீல் பொடி எழுத்தில் போட்டிருந்தார். உறுத்தல் வந்ததா, வரவில்லையா என்பது ஊர்ப் பேச்சாயிற்று.

அப்போது எனக்கு என்ன தோன்றியது என்பதையும் சொல்லிவிடுகிறேன். பெருமையாக இருந்தது. கவனிக்கப்படாமலே இருப்பதுதான் என் தொழில் என்று பதினைந்து வருடம் பீற்றிக்கொண்டிருந்தவன், காந்திபுரத்தில் ஓர் ஆட்டோக்காரர் போனில் உறுத்தல் ரிங்டோனாக ஒலித்தபோது, "அது நான் போட்டதுங்க," என்று வலியச் சொன்னேன்.

போன மார்கழியில் வெள்ளிங்கிரி ஸ்டுடியோவுக்கு வந்தான். காதோரம் நரைத்திருந்தது. பொள்ளாச்சிக்குப் பக்கத்தில் ஒரு தனியார் பள்ளியில் இசை ஆசிரியர் என்று தெரியும். டீ வரவழைத்தேன்.

"அரையாண்டுக் கணக்குப் பேப்பர் முந்தின நாளே பிள்ளைக போன்ல சுத்தீருச்சுடா," என்றான். "பீரோ சாவி மூணு பேருகிட்ட. ஆபீஸ் கிளார்க், கணக்கு வாத்தியார், அப்புறம் பரீட்சைப் பொறுப்புன்னு என் தலையில கட்டுனதால நான். தாளாளர் மூணு பேரையும் உக்கார வெச்சு, கையில அதக் குடுத்து, நீங்க எடுத்தீங்களான்னு கேட்டாரு. அவங்க ரெண்டு பேருக்கும் நிம்மதி வாசிச்சுது. எனக்கு உறுத்தல்."

"நீ எடுத்தியா?" என்று கேட்டேன். நான், அவனிடம்.

"எடுக்கலடா. என்னைய யாராச்சும் நிக்க வெச்சுக் கேட்டாலே உள்ளங்கை நனைஞ்சுரும், உனக்குத் தெரியாதா? வார்டன் கூப்பிட்டா, நான் செய்யாததுக்கெல்லாம் வேர்த்துப்போய் நிப்பேனே. இப்ப சஸ்பெண்ட். வெள்ளிக்கெழம கடைசி விசாரண. பிள்ளைக என்னைய உறுத்தல் சார்ங்கறாங்க. சாமான் எடுக்கப் போனப்ப ஒரு பிள்ள வராந்தாவுல நின்னு வாயாலயே அத இழுத்துச்சு. சுருதி சுத்தமாத்தான் இருந்துச்சு, நான் சொல்லிக்குடுத்த பிள்ளதான்."

நான் டீயைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"அதப் போட்டவன் நீ. அது தப்பும் பண்ணும்னு ஒரு லெட்டர் குடு குரு. அது போதும்."

தப்புப் பண்ணுமா என்று அவனுக்காக நான் யோசிக்கவே இல்லை. எத்தனை பேரை வைத்து அதைப் பழக்கினீர்கள் என்று விசாரணையில் கேட்பார்கள், ஒருவன் என்று சொல்ல வேண்டிவரும், அந்த ஒருவன் எதை நினைத்தான் என்று கேட்பார்கள். என் புத்தி ஓடியது அந்தப் பக்கம்தான். "இருபது பேர வெச்சுப் பழக்கினதுடா. அவ்வளவு சுலபமாத் தப்பாகாது," என்றேன். "நான் வக்கீலக் கேட்டுட்டுச் சொல்றேன்."

"சரிடா. உனக்குச் சங்கடம்னா வேண்டாம்," என்று எழுந்தான். டீயைத் தொடவில்லை.

ஒரே ஆளை இரண்டாவது முறை ஏமாற்றியிருக்கிறேன் என்பது அவன் பஸ் ஏறியிருக்கும் நேரத்துக்குத்தான் எனக்கு உறைத்தது. மறுநாள் ஆரோக்கியத்திடம் போய், என் பத்து நிமிடப் பதிவையும் அந்த இருபது பேரின் பயத்தையும் திரையில் பக்கத்தில் பக்கத்தில் வைக்கச் சொன்னேன்.

அவர் வைத்தார். "ரெண்டும் அண்ணன் தம்பி மாதிரி இருக்குதே சார்."

"வித்தியாசமே இல்லையா?"

"இருக்குதுங்க. யானையப் பாத்தவரு கை ஓடத் துடிக்குது. உங்க கை ஓடாம இறுக்கிப் பிடிச்சிருக்குது." என் முகத்தைப் பார்க்காமல் சொன்னார்: "தப்பா எடுத்துக்காதீங்க. இது செஞ்சதுக்கு வெக்கப்பட்ட கை இல்லீங்க. மாட்டிக்குவோமோன்னு பயந்த கை."

உலகம் முழுவதும் உறுத்தல் என்ற பெயரில் ஒலித்துக்கொண்டிருந்தது இதுதான். பயந்தவர்கள் எல்லாம் மாட்டினார்கள். திருடியும் பயப்படாதவர்கள் தப்பினார்கள். வேலைக்கு வந்த இடத்தில் நடுங்கிய பெண்கள், நிற்க வைத்தால் வேர்க்கிறவர்கள். என் கோழைத்தனத்தை அளவுகோலாக்கி ஊரையே அளக்கக் கொடுத்திருக்கிறேன். அத்தனை வருடம் அந்த நொடியை நினைத்து நினைத்து, நமக்கு மனசாட்சி இருக்கிறது என்று வேறு நம்பிக்கொண்டிருந்தேன். அதுகூடப் பொய்.

வெள்ளிக்கிழமை பதினோரு மணிக்குப் பள்ளியில் இருந்தேன். தாளாளர் கனகசபாபதி, தலைமையாசிரியை, பெற்றோர் சங்கத் தலைவர், சுவரோரம் பிளாஸ்டிக் நாற்காலியில் வெள்ளிங்கிரி. என்னைப் பார்த்ததும் எழுந்தே விட்டான். விசிட்டிங் கார்டைக் கொடுத்து, நான் யார் என்று சொன்னேன். தாளாளர் ஆவலாகக் கை கொடுத்தார்.

"அப்ப நீங்களே சொல்லுங்க தம்பி, அது தப்பு பண்ணுமா?"

"அது முழுக்கவே தப்புங்க. மத்ததுக்கெல்லாம் இருபது பேரு கைப்பிடியப் பிடிச்சு அதுக்குச் சொல்லித்தந்தாங்க. உறுத்தலுக்கு அப்படி இல்ல. நான் ஒருத்தன்தான் பிடிச்சேன். நான் அப்ப நெனச்சது இவனுக்கு நான் செஞ்ச துரோகத்தை."

தாளாளர் கையைக் காட்டி நிறுத்தினார். மேசை இழுப்பறையிலிருந்து கைப்பிடியை எடுத்து ஒலிபெருக்கியோடு இணைத்தார். "எல்லாரும் பிடிச்சுட்டுத்தான் சொன்னாங்க. நீங்களும் பிடிச்சுட்டே சொல்லுங்க. ஞாயம் எல்லாருக்கும் ஒண்ணுதானுங்களே."

பிடித்துக்கொண்டேன். சொன்னேன். மெட்டு யாருடையது, எதற்காக எடுத்தேன், பந்தியில் எட்டுப் பேர் நடுவில் என்ன பொய் சொன்னேன், போன வாரம் டீ வாங்கிக் கொடுத்து என்ன பொய் சொன்னேன், எல்லாம். வெள்ளிங்கிரியைப் பார்த்துக்கொண்டேதான் சொன்னேன். பாதியில் எனக்குப் பயம் தீர்ந்துபோனது; மாட்டிக்கொள்ள இனி ஒன்றும் மிச்சமில்லை. அப்போதுதான் அது வந்தது. நான் எவ்வளவு சின்ன ஆள் என்று எனக்கே தெரிந்தது. விரல்கள் தளர்ந்தன, தலை தானாகத் தொங்கியது, உடம்பில் இருந்ததெல்லாம் இறங்கிப்போனது போல் இருந்தது. பிறந்ததிலிருந்து அன்றுதான் முதல் முறையாக வெட்கப்பட்டேன் என்று நினைக்கிறேன்.

அறையில் புல்லாங்குழலும் தூரத்து மழையும் கேட்டன. நிம்மதி அடுக்கு.

ஊற்றுக்கு நிஜமான வெட்கத்தை யாருமே சொல்லித்தரவில்லை. தளர்ந்த கை, இறங்கிய நாடி என்றால் அதற்குத் தெரிந்தது ஏசியில் தூங்கினவர்கள் மட்டும்தான். நானும் புத்தியுள்ளவனாக உட்கார்ந்து அதற்கு அழகாக மழை போட்டு வைத்திருக்கிறேன்.

தாளாளர் நாற்காலியில் சாய்ந்துகொண்டார். அவர் கண் கலங்கியிருந்தது. "தம்பி, நீங்க சொன்னதெல்லாம் நடந்திருந்தா இந்நேரம் அது கத்தியிருக்கும்."

"சார், மெஷின் தப்புன்னுதான சொல்லிட்டிருக்கேன்!"

"பொய் சொன்னாலும் கத்தும்தான். ஆனா அடுத்தவனக் காப்பாத்தறதுக்குச் சொல்ற பொய்யில உறுத்தல் எங்கிருந்து வரும்?" தலைமையாசிரியை தலையாட்டினார். பெற்றோர் சங்கத் தலைவர் மூக்கைத் துடைத்துக்கொண்டார். தாளாளர் தொடர்ந்தார்: "இத்தன பெரிய மனுஷன், தம் பேரையே கெடுத்துக்கிட்டு ஒருத்தருக்காக வந்து நிக்கறாருன்னா, அந்த ஒருத்தர் பேப்பர் திருடற ஆளா இருக்க மாட்டாருங்க. வெள்ளிங்கிரி சார், திங்கக்கெழம வந்து சேந்துக்கங்க."

நான் மறுபடியும் வாயைத் திறந்தேன். "போதுமுங்க தம்பி," என்று என் கையிலிருந்து கைப்பிடியை மெதுவாக வாங்கிக்கொண்டார்.

வெளியே சைக்கிள் நிறுத்தத்தின் தகரக் கூரைக்குக் கீழே வெள்ளிங்கிரி என் கையைப் பிடித்துக்கொண்டான்.

"வெள்ளிங்கிரி, அந்த மெட்டு உன்னோடதுடா. சத்தியமா."

"விடுடா. எல்லாரும் கேட்டமே, அத்தன நிம்மதியா வாசிச்சுது."

"உன் விஷயத்துல அது தப்பாச் சொல்லலியா?"

"அது என் கை. எப்பவும் வேர்க்கற கை," என்று சிரித்தான். "நான் ஒரு கிறுக்கன்டா. பந்தியில உன்னைய அப்படிக் கேட்டுட்டேன். அதனாலதான் நீ அதுக்கப்புறம் எங்கிட்டப் பேசல, இல்ல? எனக்குத் தெரியும்."

இல்லை என்று இன்னும் ஒரு முறை உரக்கச் சொல்லியிருக்கலாம். விடுதியில் அவன் கைப்பட ஸ்வரம் எழுதி, தேதி போட்ட நோட்டு என் வீட்டு அலமாரியில் இருக்கிறது. ஒரு மணி நேரப் பயணம், கொண்டுவந்து காட்டியிருக்கலாம். உண்மை வெளியே வந்தால் திங்கட்கிழமை அவன் வேலை மறுபடி போய்விடும் என்று எனக்கு நானே காரணம் சொல்லிக்கொண்டேன். அது காரணமில்லை. எட்டுப் பேருக்குப் பதில் மூன்று பேர் என்னைப் பெரிய மனுஷன் என்று பார்த்துவிட்டார்கள், அவ்வளவுதான்.

அவன் வீட்டுக்குப் போன் போட்டு, "தமயந்தி, வேல கெடச்சிருச்சு. எல்லாம் குருவாலதான். இந்தா, நீயே பேசு," என்று என் காதில் வைத்தான்.

அவன் மனைவியை நான் பார்த்ததில்லை. அழுதுகொண்டே பேசினார். "உங்களப் பத்தி ஒண்ணு சொல்லோணுமுங்க. கல்யாணமான புதுசுல, டி.வி.யில உங்க கேம் மியூசிக் வந்தப்ப, அது நான் போட்டதுன்னு இவரு எங்கிட்டச் சொன்னாருங்க. வேற யாருகிட்டயும் சொன்னதில்ல. நானும் இத்தன வருஷமா அத நம்பிட்டு, உங்கள மனசுக்குள்ள வைஞ்சுட்டே இருந்துட்டேன். மன்னிச்சுருங்க அண்ணா."

வெள்ளிங்கிரி என் முகத்தையே பார்த்துச் சிரித்துக்கொண்டு நின்றான்.

"பரவாயில்லைங்க," என்றேன்.